'சரிங்க சார்' என்று பழகிய நாக்கு

போன மாதம் ஒரு டீச்சரம்மா எங்கள் வங்கிக் கிளைக்கு வந்து, 11 லட்ச ரூபாய் டெபாசிட்டை உடைக்கச் சொன்னார். கேரளத்தின் பாலக்காடு மாவட்டத்தில், கொழிஞ்சாம்பாறைப் பக்கத்தில் தமிழ் மீடியத்தில் முப்பது வருடம் பாடம் நடத்தி ரிட்டயர் ஆனவர். வயது 71. எங்கள் கேஷ் கவுண்டரில் உட்கார்ந்திருக்கும் பையனே அவரிடம் நாலாம் வகுப்பு படித்தவன்.

"முதிர்வுக்கு இன்னும் நாலு மாசந்தானுங்க டீச்சர் இருக்கு, இப்ப எதுக்கு?" என்று கேட்டேன்.

"தம்பிக்குப் பொள்ளாச்சியில எடம் வாங்கறோம்" என்றார். நான் கேட்டு முடிப்பதற்குள் பதில் வந்துவிட்டது.

பெரிய தொகையை வேறு வங்கிக்கு அனுப்பும் ஆர்டிஜிஎஸ் ஃபார்மில் பணம் பெறுபவர் பெயர் ஏதோ ஒரு வடநாட்டுக் கம்பெனி. கேட்டால், "புரோக்கர் கம்பெனிங்க" என்றார். என் முகத்தைப் பார்க்கவில்லை. மடியில் கைப்பை இருந்தது. ஜிப் திறந்திருந்தது. உள்ளே போனின் வெளிச்சம் தெரிந்தது. நான் அதைப் பார்த்தேன். மாத முதல் வாரம், பென்ஷன் கூட்டம், அவருக்குப் பின்னால் பதினைந்து பேர் நின்றார்கள். பார்த்தும் அனுப்பிவிட்டேன்.

மூன்று நாள் கழித்து அவருடைய மகன் கோயம்புத்தூரிலிருந்து வந்து என் மேஜைக்கு எதிரே நின்றபோதுதான், அந்த வெளிச்சம் என்ன என்று புரிந்தது. வீடியோ கால் ஓடிக்கொண்டிருந்திருக்கிறது. 'சிபிஐ அதிகாரி' என்று சொல்லிக்கொண்ட ஒருவன் நாங்கள் பேசிய ஒவ்வொரு சொல்லையும் கேட்டுக்கொண்டிருந்திருக்கிறான். பொள்ளாச்சி, தம்பி, புரோக்கர் எல்லாமே அவன் சொல்லிக்கொடுத்த பதில்கள்.

இந்த ஒரு வருடத்தில் எங்கள் கிளையில் மட்டும் இது நான்காவது. அதனால்தான் எழுதுகிறேன்.

போலி போலீஸ் வீடியோ காலிலேயே ஒருவரைக் 'கைது' செய்து பணம் பிடுங்கும் இந்த 'டிஜிட்டல் அரெஸ்ட்' எப்படி நடக்கிறது என்பது இப்போது எல்லாருக்கும் தெரியும். உங்கள் பெயரில் பார்சல், அதில் போதைப்பொருள், மும்பையில் வழக்கு, வீடியோவில் யூனிஃபார்ம், முத்திரை குத்திய கோர்ட் ஆர்டர், 'சரிபார்க்க' உங்கள் பணத்தை எங்கள் கணக்குக்கு அனுப்புங்கள், யாரிடமும் சொல்லக் கூடாது. 2024 அக்டோபரில் பிரதமரே வானொலியில் இதைப் பற்றிப் பேசினார். எங்கள் கிளைக் கதவில் போஸ்டர் ஒட்டியிருக்கிறோம். டீச்சரம்மா அந்தப் போஸ்டரைத் தாண்டித்தான் உள்ளே வந்தார்.

செய்தி பரவியதும் ஊரில் எல்லாரும் ஒரே வாக்கியத்தைச் சொன்னார்கள்: "படிச்ச டீச்சர், இதுகூடத் தெரியலையா?" பால் சொசைட்டியில் சொன்னார்கள், கோயில் வாசலில் சொன்னார்கள். பெற்ற மகன் என் முன்னாலேயே சொன்னார். எனக்கு ஆற்றாமை தாங்கவில்லை. தெரியாததால் ஏமாறவில்லை அந்த அம்மா. பேராசையாலும் ஏமாறவில்லை. ஒரு மாதத்தில் இரட்டிப்பாகும் என்று நம்பிப் பணத்தைப் போடுகிறவர்கள் வேறு. இங்கே யாரும் அவருக்கு ஒரு பைசா லாபம் காட்டவில்லை. சட்டத்துக்குக் கட்டுப்பட்டு வாழ்ந்த ஒருவரிடம், சட்டத்தின் குரலில் ஒருவன் பேசினான். அவர் கீழ்ப்படிந்தார். வாழ்நாள் முழுக்கக் கெட்டிக்காரத்தனமாகச் சட்டத்தை ஏய்த்தவனிடம் இந்தப் போன் பலிக்காது. நேர்மையானவர்களிடம்தான் பலிக்கும்.

படிப்பும் பணமும் காப்பாற்றும் என்றால், லூதியானாவின் வர்த்தமான் ஜவுளிக் குழுமத்தின் தலைவர் எஸ்.பி. ஓஸ்வாலைக் காப்பாற்றியிருக்க வேண்டும். ஆயிரக்கணக்கானோருக்கு வேலை கொடுத்தவர், பத்மபூஷண் விருது வாங்கியவர். 2024 ஆகஸ்டில் அவரிடமிருந்து 7 கோடி ரூபாயைப் பிடுங்கினார்கள். அதற்காக உச்ச நீதிமன்ற விசாரணை போலவே ஒன்றை வீடியோவில் நடத்தி, தலைமை நீதிபதி என்று ஒருவனைப் பேச வைத்தார்கள். நடந்ததை அவரே வெளியே வந்து சொன்னார். அந்தத் துணிச்சலுக்கு அவரைக் கையெடுத்துக் கும்பிட வேண்டும்.

'நானாக இருந்தால் முதல் நிமிடத்திலேயே போனை வைத்திருப்பேன்' என்கிறவர்களுக்காக ஒரு பழைய ஆராய்ச்சியைச் சொல்கிறேன். 1961இல் அமெரிக்காவின் யேல் பல்கலைக்கழகத்தில் ஸ்டான்லி மில்கிராம் என்ற உளவியலாளர் தொடங்கியது. சாதாரண ஆட்களை வரவழைத்து 'நீங்கள் ஆசிரியர்' என்றார்கள். பக்கத்து அறையில் இருக்கும் 'மாணவர்' தப்பாகப் பதில் சொன்னால் மின் அதிர்ச்சி கொடுக்க வேண்டும். 15 வோல்ட்டில் தொடங்கி, பதினைந்து பதினைந்தாக ஏறி, 450 வோல்ட் வரை 30 சுவிட்சுகள். உண்மையில் மின்சாரம் எதுவும் பாயவில்லை, அது சுவிட்சை அழுத்துகிறவருக்குத் தெரியாது. சாம்பல் நிறக் கோட்டு போட்ட ஒருவர் பக்கத்தில் நின்று, 'தொடருங்கள்', 'நீங்கள் தொடர்ந்தே ஆக வேண்டும்' என்று அமைதியாகச் சொல்வார். மிரட்டல் கிடையாது. கடைசி வரை போகிறவர்கள் ஆயிரத்தில் ஒருவர் இருக்கலாம் என்று மனநல மருத்துவர்கள் முன்கூட்டியே கணித்திருந்தார்கள். போனவர்கள் 40 பேரில் 26 பேர். சும்மா போகவில்லை, வியர்த்து, நடுங்கி, 'வேண்டாமே' என்று கெஞ்சிக்கொண்டே போனார்கள்.

அந்தப் பதினைந்து வோல்ட்டைக் கவனியுங்கள். டீச்சரம்மாவிடம் யாரும் முதலிலேயே 11 லட்சம் கேட்கவில்லை. முதலில் ஆதாரின் கடைசி நாலு எண். அப்புறம் கதவைச் சாத்துங்கள். அப்புறம் கேமராவை உங்கள் பக்கம் திருப்புங்கள். ஒரு மணி நேரத்துக்கு ஒருமுறை 'இருக்கிறேன் சார்' என்று மெசேஜ் போடுங்கள். என்னென்ன கணக்கு இருக்கிறது, எழுதிக் காட்டுங்கள். ஒவ்வொன்றும் சின்னது, ஒவ்வொன்றுக்கும் 'சரிங்க சார்'. பத்துத் தடவை சரி சொன்ன வாய்க்குப் பதினோராவது தடவை மறுக்க வராது. இரண்டு நாள் தூக்கமும் இல்லை என்றால் கேட்கவே வேண்டாம்.

மில்கிராம் அதே சோதனையைப் பல விதமாக மாற்றி நடத்தினார். கோட்டுக்காரர் அறையை விட்டுப் போய், போனில் மட்டும் கட்டளை கொடுத்தபோது கடைசி வரை போனவர்கள் ஏறக்குறைய ஐந்தில் ஒருவர்தான். இந்த மோசடிக்காரர்கள் ஏன் வெறும் போனோடு நிறுத்தாமல் வீடியோவில்தான் வர வேண்டும் என்று அடம்பிடிக்கிறார்கள் என்பது எனக்கு அதைப் படித்தபோதுதான் விளங்கியது. யூனிஃபார்மும் கொடியும் மேஜையும் கண்முன்னால் இருக்க வேண்டும். அந்த ஆள் நம் அறைக்குள்ளேயே நிற்க வேண்டும்.

அதே சமயம், உத்தரவு கேட்டுப் பழகியவர்களுக்கு வெறும் போனே போதும். 1966இல் வெளிவந்த, ஹாஃப்ளிங் என்ற மனநல மருத்துவரின் ஆய்வில், முன்பின் தெரியாத ஒரு டாக்டர் போனில் சொன்னார் என்பதற்காக, 10 மில்லிகிராமுக்கு மேல் கூடாது என்று டப்பாவிலேயே எழுதியிருந்த மருந்தை 20 மில்லிகிராம் கொடுக்க 22 நர்ஸ்களில் 21 பேர் கிளம்பிவிட்டார்கள். நோயாளியிடம் போகுமுன் தடுத்து நிறுத்தினார்கள். அவர்கள் விவரம் இல்லாதவர்கள் அல்ல. டாக்டர் சொன்னால் செய்வது அவர்களுடைய தினசரி வேலை.

நம் பகுதியில் இந்தப் பழக்கம் இன்னும் ஆழமானது. எங்கள் பாலக்காட்டுச் சித்தூர் தாலுகா அன்றைக்குக் கொச்சி சமஸ்தானம், 1956க்குப் பிறகு கேரளம். வீட்டில் பேசுவது தமிழ், ஆபீஸ் காகிதம் மலையாளம், பேங்க் படிவம் ஆங்கிலம், போனில் மிரட்டுகிறவன் இந்தி. தமிழ்ச் சிறுபான்மையினர் தமிழிலேயே மனு எழுதலாம் என்று கேரளத்தின் 1969ஆம் வருட ஆட்சிமொழிச் சட்டம் இடம் கொடுத்தது. ஆனாலும் வில்லேஜ் ஆபீசில் நீட்டின காகிதத்தில் என்ன இருக்கிறது என்று கேட்டுவிட்டுக் கையெழுத்துப் போடுகிறவர் எத்தனை பேர்? புரியாத மொழியில் அதிகாரம் பேசினால் தலையாட்டு என்று மூன்று தலைமுறையாகப் பழகியிருக்கிறோம். அந்தப் பழக்கத்தில் எங்கள் பங்கும் இருக்கிறது. 'இங்க ஒண்ணு, இங்க ஒண்ணு, அந்த டிக் போட்ட இடத்துல ஒண்ணு' என்று விரலை வைத்துக் காட்டிக் காட்டி, கேள்வி கேட்காத வாடிக்கையாளரை நல்ல வாடிக்கையாளர் என்று பாராட்டி வளர்த்தவர்கள் வங்கிக்காரர்களாகிய நாங்கள்தான். இருபத்தாறு வருடமாக நானும் அதைச் செய்திருக்கிறேன்.

போன வாரம் இன்னொருவர் வந்தார். வேலந்தாவளத்துக்காரர், தென்னந்தோப்பு வைத்திருக்கிறார், எட்டாவதோடு படிப்பை நிறுத்தியவர். அவருக்கும் அதே போன், அதே யூனிஃபார்ம். காலையில் பால் ஊற்ற வராததால் பக்கத்துத் தோட்டத்துக்காரர் வீட்டுக்கே போய்க் கதவைத் தட்டியிருக்கிறார். பேங்குக்குப் போக வேண்டும் என்றதும் தன் வண்டியிலேயே கூட்டிவந்தார். என் மேஜைக்கு எதிரே இரண்டு பேரும் உட்கார்ந்திருந்தார்கள். போன் மேஜை மேலேயே கிடந்தது. அதைப் பார்த்தபடி பக்கத்துத் தோட்டத்துக்காரர் கேட்டார்: "ஏனுங்ண்ணா, சிபிஐக்காரனுக்கு உங்க தோப்புக் காசு எதுக்கு?"

அவ்வளவுதான். இவர் போனை எடுத்துப் பார்த்தார், எங்களைப் பார்த்தார், வீடியோ காலைத் துண்டித்தார். கை மட்டும் வெகுநேரம் நடுங்கிக்கொண்டிருந்தது.

மில்கிராமின் சோதனையிலும் இதுதான் நடந்தது. பக்கத்தில் இன்னும் இரண்டு பேரை உட்கார வைத்து, அவர்கள் 'நாங்கள் மாட்டோம்' என்று எழுந்துவிட்டபோது, கடைசி வரை போனவர்கள் 40 பேரில் 4 பேர் மட்டுமே. யாரிடமும் சொல்லாதே என்று அவன் அத்தனை தடவை சொல்வதற்குக் காரணம் இதுதான். ஒரே ஒரு ஆள் பக்கத்தில் வந்துவிட்டால் அவன் பிடி போய்விடும்.

ஆகவே, தயவுசெய்து கேளுங்கள். வீடியோவில் யாரையும் கைது செய்ய இந்த நாட்டுச் சட்டத்தில் இடமே இல்லை. விசாரணைக்கு வரச்சொல்லும் நோட்டீஸை வாட்ஸ்அப்பில் அனுப்பக் கூடாது என்று 2025 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் போலீசுக்கே சொல்லியிருக்கிறது. பெண்களையும் 60 வயது தாண்டியவர்களையும் சாட்சியாக விசாரிக்க வேண்டுமானால் போலீஸ்தான் அவர்கள் இருக்கும் இடத்துக்கு வர வேண்டும். நேரில் கைது செய்தால்கூட எழுத்தில் குறிப்பு வேண்டும், அதில் வீட்டார் அல்லது ஊர்க்காரர் ஒருவர் சாட்சிக் கையெழுத்துப் போட வேண்டும். 'யாருக்கும் சொல்லாதே' என்கிறவன் போலீஸ் இல்லை. பணத்தை அனுப்பு, சரிபார்த்துத் தருகிறேன் என்கிற அரசு அலுவலகம் எதுவும் கிடையாது.

போனில் அவனிடம் வாதம் செய்யாதீர்கள், ஜெயிக்க முடியாது. அவனுக்கு அதுதான் தொழில். 'எங்க ஊர் ஸ்டேஷனுக்கு நேரில் வர்றேன், அங்க பேசுங்க' என்று சொல்லிவிட்டு வையுங்கள். வைத்த கையோடு பக்கத்து வீட்டுக்குப் போங்கள். பணம் போய்விட்டிருந்தால் அழுதுகொண்டு உட்காராமல் சைபர் மோசடிப் புகார் எண்ணான 1930க்கு அடியுங்கள், வங்கிக்கும் சொல்லுங்கள். முதல் சில மணி நேரத்தில் சொன்னால் பணம் போய்ச் சேர்ந்த கணக்கை முடக்க வாய்ப்பிருக்கிறது. டீச்சரம்மா மூன்று நாள் வெட்கப்பட்டுக்கொண்டு சொல்லாமல் இருந்தார். அதற்குள் பணம் கணக்குக் கணக்காக மாறி மாறிப் போய்விட்டது.

கவுண்டரில் இருக்கும் சக ஊழியர்களுக்கும் ஒரு வார்த்தை. 'எதுக்குப் பணம்?' என்று வாய்விட்டுக் கேட்டுப் பயனில்லை. அந்தக் கேள்விக்குப் பதில் ஏற்கெனவே தயார். போன் கேட்டுக்கொண்டிருக்கிறது. ஒரு துண்டுச் சீட்டில், தமிழில், 'போனில் யாராவது இருக்கிறார்களா?' என்று எழுதி நகர்த்துங்கள். தலையசைத்தால் போதும். யாருக்கு இடம் வாங்குவதாகச் சொல்கிறாரோ அவருக்கு உங்கள் போனிலிருந்தே பேசிவிடுங்கள். வரிசை காத்திருக்கட்டும். நான் அன்றைக்கு வரிசையைக் காக்கவைக்கத் தயங்கினேன்.

வெளியூரில், வெளிநாட்டில் இருக்கும் பிள்ளைகளே, இது நடந்துவிட்டால் 'எப்படிம்மா ஏமாந்தே?' என்று கேட்காதீர்கள். அந்த ஒரு கேள்விக்குப் பயந்துதான் அவர்கள் மறைக்கிறார்கள். தினமும் ஒரு தடவை பேசுங்கள். போலீஸ் என்று யார் கூப்பிட்டாலும் முதலில் எனக்கு அடி, ராத்திரி ரெண்டு மணியானாலும் அடி என்று இன்றைக்கே சொல்லி வையுங்கள்.

டீச்சரம்மா இரண்டு வாரம் வெளியே வரவில்லை. மார்கழி பஜனைக்குக்கூட வரவில்லை என்றார்கள். போன வெள்ளிக்கிழமை நாமினி மாற்ற வந்தார். நான் பழக்கத்தில் விரலை வைத்து, "இங்க ஒரு கையெழுத்துங்க டீச்சர்" என்றேன்.

பேனாவைத் திறக்கவில்லை. "இதுல என்ன எழுதியிருக்குன்னு மொதல்ல படிச்சுச் சொல்லு" என்றார்.

முழுதும் தமிழில் படித்துச் சொன்னேன். மூன்று இடத்தில் நிறுத்திச் சந்தேகம் கேட்டார். இருபது நிமிடம் ஆனது. பின்னால் இருந்தவர்கள் காத்திருந்தார்கள்.