காணொளிக் கலையைக் குறும்படம் என்னாதீர்கள்

கொழும்பில் வீடியோ ஆர்ட் (வீடியோவையே ஊடகமாகக் கொண்ட கலை) காட்சி என்று போனால், வாசலில் இருக்கும் மும்மொழிப் பலகையின் தமிழ் வரியில் 'குறும்படம்' என்று எழுதியிருக்கிறார்கள். ஒருமுறை என்றால் விட்டுவிடலாம். திரும்பத் திரும்ப இதையே பார்க்கிறேன்.

வீடியோ இலத்தீன் சொல். 'காண்கிறேன்' என்று பொருள். தமிழில் காண், ஒளி இரண்டும் சேர்ந்து காணொளி ஆயிற்று. 1960களில் நாம் ஜூன் பைக் என்ற கொரியக் கலைஞர் தொலைக்காட்சிப் பெட்டிகளையே கலைப்பொருளாக்கியதிலிருந்து இந்தக் கலையின் கதையைத் தொடங்குவது வழக்கம். ஆக, காணொளிக் கலை. சிலர் 'காணொலி' என்று ஒலியை நுழைக்கிறார்கள். ஒலியே இல்லாத படைப்புகளை அப்போது என்னவென்று சொல்வது?

சரி, குறும்படத்துக்கு வருவோம். முழுநீளப் படம் இருப்பதால்தான் அது குறும்படம்; நீளத்தை அளந்து வைத்த பெயர். காணொளிக் கலைக்கு அப்படி ஓர் அளவே கிடையாது. கிறிஸ்டியன் மார்க்லேயின் 'த க்ளொக்' 24 மணி நேரம் ஓடுகிறது. மோனா ஹாட்டூமின் 'மெஷர்ஸ் ஒஃப் டிஸ்டன்ஸ்' (1988) சுமார் 15 நிமிடம்தான். ஆனால் அதிலும் நீளமா முக்கியம்? பெய்ரூட்டில் இருக்கும் தாயின் படங்கள்மேல் அவர் எழுதிய அரபுக் கடித வரிகள் முள்வேலி போல ஓடுகின்றன. லண்டனில் இருக்கும் மகள் ஹாட்டூம் அவற்றை ஆங்கிலத்தில் வாசிக்கிறார். யுத்தத்தால் பிரிந்து கடிதத்தில் வாழ்ந்த எத்தனையோ தமிழ்க் குடும்பங்களுக்கு இது விளக்காமலே விளங்கும். குறும்படம் என்று சொல்லி உள்ளே அனுப்பினால், வருபவர் கதையையும் முடிவையும் தேடுவார். பல படைப்புகள் முடிந்ததும் மறுபடி தொடங்கி ஓடிக்கொண்டே இருக்கும். இடையில் நுழையலாம், இடையில் போகலாம். நினைவைப் பற்றிய படைப்புக்கு அந்தச் சுழற்சிதான் உயிர். 'ஆரம்பத்தைத் தவறவிட்டுவிட்டேனே' என்று ஒருவர் வெளியே போய்விட்டால், அந்தப் பிழை பெயர் வைத்தவருடையது.

மொழிபெயர்ப்பவர்கள் படைப்பைப் பார்க்காமல் ஆங்கில வரியை மட்டும் பார்க்கிறார்கள். அப்புறம் அதே பலகைகளில் 'தனிநபர் அடையாளம்' என்று இன்னொரு சொற்றொடர். சோதனைச் சாவடிகளைக் கடந்து வளர்ந்த இந்த ஊர்த் தமிழருக்கு அடையாளம் என்றதும் அடையாள அட்டைதான் நினைவுக்கு வரும். கலைஞர் கேட்பது 'நான் யார்' என்று. பலகையிலும் அப்படியே எழுதலாம்: நினைவும் நான் யார் என்ற கேள்வியும், காணொளிக் கலை.