உள்ளங்கையில் எழுதினால் எப்படிப் புரிகிறது?

சோமனூர்ப் பக்கம் தறிக் குடோனுக்குள் நுழைந்தவர்களுக்குத் தெரியும், தறிச் சத்தம் 90 டெசிபலைத் தாண்டும், காது நன்றாகக் கேட்பவர்களே அங்கே கையைக் காட்டித்தான் பேசிக்கொள்வார்கள். அதனால் பிறவியிலேயே காது கேளாத ஒரு தம்பிக்குக் குடோனுக்குள் பெரிய சிரமமில்லை. வேலை முடிந்து எங்கள் அப்பச்சியோடு திண்ணையில் உட்காரும்போதுதான் சிக்கல். அப்பச்சிக்குக் கண்ணில் பிரஷர் கூடிப் பார்வை போய்விட்டது. இவர் பேசுவது அவனுக்குக் கேட்காது, அவன் சைகை இவருக்குத் தெரியாது. ஆனாலும் பேசுகிறார்கள். அப்பச்சியின் உள்ளங்கையில் அவன் விரலால் ஒவ்வொரு எழுத்தாக எழுதுவான்.

விரல் நுனியில் 2, 3 மில்லிமீட்டர் இடைவெளியில் இரண்டு புள்ளிகள் பட்டாலே தனித்தனியாகத் தெரியும், பார்வையற்றவர்கள் தடவிப் படிக்கும் பிரெய்ல் எழுத்தின் புள்ளிகள் சுமார் 2.5 மில்லிமீட்டர் தள்ளி இருப்பது அதனால்தான் சரிப்படுகிறது. உள்ளங்கையில் அந்த இடைவெளி 1 சென்டிமீட்டர் அளவுக்கு வேண்டும், நரம்பு முனைகள் அங்கே அவ்வளவு நெருக்கமில்லை. ஆகவே எழுத்து கை நிறையப் பெரிதாக இருக்க வேண்டும். அப்புறம், எதிரெதிரே உட்கார்ந்தால் எழுத்து தலைகீழாக வந்துவிடும், பக்கத்தில் உட்கார வேண்டும். மெய்யெழுத்துக்குப் புள்ளி வைப்பது சுலபம், ஒரு குத்து போதும். மூன்று சுழி ண, இரண்டு சுழி ன இரண்டும்தான் அப்பச்சியைக் குழப்பும், ஓடுகிற விரலில் சுழியை எண்ணுவது லேசில்லை.

சரி, அப்பச்சி பதில் சொன்னால்? அவன் உதட்டைப் பார்த்துப் புரிந்துகொள்வான். ஆனால் 'பாடு', 'மாடு' இரண்டுக்கும் உதடு ஒரே மாதிரிதான் மூடித் திறக்கிறது, 'க' தொண்டைப் பக்கம் பிறப்பதால் உதட்டில் தெரிவதே இல்லை. இதற்கும் தோல்தான் வழி. அமெரிக்க ஆசிரியை ஸோஃபியா அல்கார்ன், கண்ணும் காதும் இல்லாத தன் மாணவர்கள் இருவருக்கு, பேசுபவரின் உதட்டில் கட்டைவிரலும் கன்னத்திலும் தொண்டையிலும் மற்ற விரல்களும் வைத்துப் பேச்சைப் பிடிக்கக் கற்றுக்கொடுத்தார். அவர்கள் பெயர்களான டாட், ஓமா சேர்ந்துதான் அந்த முறைக்கு டாடோமா என்று பெயர். தோலுக்கு அடியில் வெங்காயம் போல அடுக்கடுக்கான பசீனியன் உறுப்புகள் நொடிக்கு 200 முதல் 300 வரையான அதிர்வுகளை மிக நுட்பமாக உணரும், மனிதக் குரலின் அதிர்வுகளில் பலவும் அந்த வட்டாரத்தில்தான் வருகின்றன. 'ம' சொல்லும்போது மூக்கோரம் அதிரும், 'ப'வுக்கு அதிராது.

இதை நான் சொன்ன அன்றே அப்பச்சி அந்தத் தம்பியின் விரலை எடுத்துத் தன் மூக்கில் வைத்து, "மாடு... மாடு, தெரியுதா கண்ணு?" என்றார். அவன் அவர் உள்ளங்கையில் 'மா' என்று எழுதினான்.