விளையாட்டுக்குச் சொன்னதுதானே?

நாகர்கோவிலில் மனநல ஆலோசகராக இருக்கிறேன். குடும்பத் தகராறு என்று வருகிறவர்கள் பெரும்பாலும் குடி, கடன், சந்தேகம் என்றுதான் தொடங்குவார்கள். குலசேகரம் பக்கத்திலிருந்து வந்த ஒரு பெண் சொன்ன குறை வேறு. "அவரு குடிக்க மாட்டாரு, கை நீட்ட மாட்டாரு. ஆனா எதச் சொன்னாலும் களியாக்குவாரு (விளையாட்டாக்கிவிடுவார்). ஒரு வார்த்த நேரா பேசத் தெரியாது மேடம்." (ஆளை அடையாளம் தெரியாதபடி சில விவரங்களை மாற்றியிருக்கிறேன்.)

கணவர் ரப்பர் ஷீட் வியாபாரி. சாயாக்கடையில் அவர் வந்து உட்கார்ந்தால் பெஞ்சு நிறைந்துவிடும். 1908-ல் கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணன் பிறந்த ஒழுகினசேரி இங்கேதான் இருக்கிறது. சிரிக்க வைக்கிறவரை எங்கள் ஆட்கள் தலையில் தூக்கி வைத்துக்கொள்வார்கள். "உனக்கென்னம்மா, நாள் பூரா சிரிச்சிட்டே இருக்கலாம்" என்று ஊரே சொல்லும்போது, அந்தப் பெண் யாரிடம் போய்ப் புகார் சொல்ல முடியும்?

மார்பில் ஒரு கட்டி தட்டுப்பட்டதை இரவில் கணவரிடம் சொல்லியிருக்கிறார். அதற்கும் ஒரு ஜோக். மறுநாள் தனியாகப் பஸ் ஏறி நாகர்கோவிலுக்கு வந்து ஸ்கேன் எடுத்தார். சாதாரணக் கட்டிதான், பயப்பட ஒன்றுமில்லை. ஆனால் தனியாக வந்த அந்தப் பஸ் பயணத்தை அவரால் மறக்க முடியவில்லை.

அடுத்த முறை கணவரும் வந்தார். பத்து நிமிடம் என் அறை ஃபேன் முதல் நான் வாங்கும் ஃபீஸ் வரை எல்லாவற்றையும் வைத்துத் தமாஷ். நன்றாகவே பேசுவார், நானும் சிரித்தேன். அப்புறம் கேட்டேன்: "கட்டி இருக்குன்னு சொன்ன அன்னைக்கு ராத்திரி தூங்கினீங்களா?" வெகுநேரம் பேச்சில்லை. "இல்ல. மூணு தடவ எழும்பி, இவ மூச்சு விடுகாளான்னு பாத்தேன்."

மனைவி அதை அன்றுதான் முதன்முறையாகக் கேட்டார்.

பயம் வந்தால் சிலர் கத்துவார்கள், சிலர் எழுந்து வெளியே போய்விடுவார்கள். இவர் ஜோக் சொல்வார். சரி, பயம்தான் காரணம் என்று தெரிந்துவிட்டால் வலி போய்விடுமா? போகாது. அதனால் காரணத்தைக் கண்டுபிடித்ததோடு நான் யாரையும் வீட்டுக்கு அனுப்புவதில்லை.

கனடா நாட்டு உளவியலாளர் ராட் மார்ட்டினும் அவருடன் பணிபுரிந்தவர்களும் 2003-ல் நகைச்சுவையை நான்கு விதமாகப் பிரித்துக் காட்டினார்கள். கூட்டத்தை ஒன்று சேர்ப்பது ஒன்று, துன்பத்தில் தன்னைத் தேற்றிக்கொள்வது இன்னொன்று. அடுத்தவரை மட்டம் தட்டுவதும், பிறர் சிரிக்கத் தன்னையே மட்டம் தட்டிக்கொள்வதும் மற்ற இரண்டு. ஒரே ஆளிடம் எல்லாமே இருக்கலாம். ஆகவே "தமாஷையே விட்டுவிடுங்கள்" என்று கேட்காதீர்கள். அது நடக்காது, நடக்கவும் வேண்டாம். எந்த விஷயத்தில் வேண்டாம் என்பதைத் துல்லியமாகச் சொல்லுங்கள். இந்தப் பெண் சொன்னது: "என் உடம்பப் பத்தியும் எங்க அம்மா வீட்டப் பத்தியும் வேண்டாம்." நாலு பேர் முன்னால் சொல்லவில்லை. இருவரும் தனியாக, கோபமில்லாமல் இருந்த ஒரு நேரத்தில் சொன்னார்.

இன்னொன்று, பொய்ச் சிரிப்பை நிறுத்த வேண்டும். நம்மில் பலர் மனம் நோகும்போதும் மரியாதைக்குச் சிரித்து வைக்கிறோம். பத்துத் தடவையில் இரண்டு தடவை சிரிப்பு கிடைத்தாலே போதும், அந்தப் பழக்கம் இன்னும் வேரூன்றும். எப்போதாவது மட்டும் கிடைக்கிற பலனுக்குத்தான் பழக்கத்தைப் பிடித்துவைக்கும் வலு அதிகம். சிரிக்காமல், சண்டையும் போடாமல், சும்மா அவர் முகத்தைப் பார்த்துக் காத்திருங்கள்.

எங்கள் பேச்சில் 'களி' என்றால் விளையாட்டு, 'காரியம்' என்றால் நிஜமான விஷயம். இருவரும் அதையே அடையாளச் சொல்லாக வைத்துக்கொண்டார்கள். மனைவி "இது காரியம்" என்றால் கணவர் ஜோக்கை நிறுத்திவிட்டுக் கேட்க வேண்டும். முதல் மாதம் அவர் அதையும் களியாக்கினார். இரண்டாவது மாதத்தில்தான் கொஞ்சம் பிடிபட்டது.

குழந்தைகளிடம் இந்த ஒப்பந்தமெல்லாம் செல்லாது. "உன்னத் தவிட்டுக்கு வாங்கினோம்" என்று மாமா சொல்வதை நாலு வயதுப் பிள்ளை அப்படியே நம்பும். அது அழுதால் "விளையாட்டுக்கு" என்று சிரிக்காமல், தூக்கி வைத்துக்கொண்டு உண்மையைச் சொல்லுங்கள்.

கடைசியாக, நான் மிகவும் கவலைப்படும் விஷயம். மார்த்தாண்டத்திலிருந்து ஒரு குடும்பம் அறுபத்தொரு வயதுக்காரரை அழைத்து வந்தது. வாழ்நாள் முழுக்க அளந்து பேசியவர். ஒரு வருடமாக ஓயாமல் ஜோக். இழவு வீட்டில் துக்கம் கேட்க வந்தவர்களிடமும் அதேதான். "ரிட்டயர் ஆனதும் கலகலப்பாயிட்டாரு" என்று வீட்டார் நினைத்திருந்தார்கள். நான் நரம்பியல் மருத்துவரிடம் அனுப்பினேன். மூளையின் முன்பகுதி சுருங்கும் ஒருவகை மறதி நோய் என்று தெரிந்தது. பெரும்பாலும் 45 முதல் 65 வயதுக்குள் தொடங்கும் நோய் இது. ஞாபகம் குறைவதற்கு முன்பே குணம் மாறிவிடலாம்.

அதேபோல, இரண்டு மூன்று மணி நேரமே தூங்கியும் களைப்பே இல்லாமல், நாள்கணக்கில் சிரிப்பும் பேச்சும் செலவுமாக ஒருவர் இருந்தால், அது மனநல மருத்துவர் பார்க்க வேண்டிய மனஎழுச்சி நோயாக இருக்கலாம். ஆசாரிப்பள்ளம் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் காட்டலாம். முதலில் போனில் பேசிப் பார்க்க வேண்டுமென்றால், 14416 என்ற டெலி மானஸ் (அரசின் மனநல உதவி) எண் இலவசம், எந்நேரமும் கிடைக்கும். டாக்டர் கேட்கும் முதல் கேள்வி "இது எப்போதிலிருந்து?" என்பதாகத்தான் இருக்கும். மாற்றம் கண்ணில் பட்ட நாளைக் காலண்டரில் குறித்து, அந்தத் தாளோடு போங்கள்.