விடியற்காலையில் தயாராகும் முட்டை

பர்மாவின் பகோ ஊரிலிருந்து ஒரு வாசகி கேட்கிறார்: "ரெண்டு பிள்ளைகளுக்கும் பூச்சி மாத்திரை கொடுத்தேன். வீடு முழுக்க பினாயில் ஊற்றிக் கழுவினேன். ஒன்றரை மாதத்தில் மறுபடியும் ராத்திரியெல்லாம் சொறிகிறார்கள். யாரும் கண் வைத்துவிட்டார்களா?"

கண்ணும் இல்லை, இனிப்பும் இல்லை. (மிட்டாய் தின்றால் பூச்சி வரும் என்று சொல்லியே எனக்குச் சின்ன வயதில் மிட்டாய் தரவில்லை. அந்தக் கோபம் இன்னும் ஆறவில்லை.) இது கீரிப்பூச்சி. பெண் புழு வெள்ளை நூல் துண்டு மாதிரி, சுமார் 1 சென்டிமீட்டர் நீளம் இருக்கும். முட்டை வாய் வழியாகப் போய், சிறுகுடலில் பொரிந்து, பெருங்குடலில் வளரும். இதுவரை பள்ளிக்கூடப் பாடம்.

ராத்திரி நடப்பதுதான் விசேஷம். பெண் புழுவின் வயிற்றில் 10,000 முட்டை வரை இருக்கும். குடலுக்குள் ஆக்சிஜன் மிகக் குறைவு என்பதால் அந்த முட்டைகளுக்குள் கரு பாதி வளர்ந்து அப்படியே நின்றிருக்கும். மீதிக்குக் காற்று வேண்டும். பிள்ளை அயர்ந்து தூங்கியதும் புழு ஆசனவாய் வழியாக வெளியே ஊர்ந்து வந்து, சுற்றியுள்ள தோலில் முட்டைகளைப் பசை போட்டமாதிரி ஒட்டிவிட்டுச் செத்துப்போகிறது. காற்றும் தோலின் சூடும் பட்டதும் நின்ற வளர்ச்சி தொடர்கிறது. 4 முதல் 6 மணி நேரம் போதும். இரவு 11 மணிக்கு இட்ட முட்டை, கோழி கூவும் நேரத்துக்குத் தொற்றத் தயார். பிள்ளையின் தோலே அடைகாக்கிறது! முட்டையால் நகர முடியாது, சரி. அதற்குத்தான் அரிப்பு இருக்கிறதே. சொறிந்த நகத்தின் இடுக்கில் ஏறி, விரல் வழியாக மறுபடியும் வாய்க்கே வந்துவிடுகிறது. இந்தப் பூச்சி மேல் எனக்கு எரிச்சலைவிட மரியாதைதான் அதிகம்.

ஆகவே சுத்தம் செய்வதில் முக்கியம் நேரம். எழுந்தவுடன், பசியாறும் முன், பிள்ளையைச் சோப்புப் போட்டுக் கழுவிவிடுங்கள். உள்ளாடையை மாற்றுங்கள், நகத்தை ஒட்ட வெட்டுங்கள். அப்புறம் பாய். நம் வீடுகளில் நாலு பேர் ஒரே கொசுவலைக்குள் படுப்போம், விடிந்ததும் பாயையும் போர்வையையும் படபடவென்று உதறுவோம். அந்த உதறலில் முட்டை தூசியோடு பறந்து நாலு பேர் மூக்குக்கும் வாய்க்கும் போகும். உதறாமல் சுருட்டி, துணியை வெந்நீரில் போடுங்கள், பாயை வெயிலில் விரியுங்கள். வெயிலும் வறட்சியும் முட்டைக்கு ஆகாது. ஈரமும் குளிர்ச்சியும் இருந்தால் 2, 3 வாரம்கூடத் தாங்கும். ரங்கூன் பக்கம் ஆடி, ஆவணி மழையில் வெயிலுக்கு எங்கே போவது? இஸ்திரிப் பெட்டிதான் கதி, அதுவும் கரண்ட் இருந்தால். தரையை ஈரத்துணியால் துடைத்தால் போதும். பினாயிலுக்கு இந்த முட்டையின் ஓடு லேசில் மசியாது.

மாத்திரையும் புழுவைத்தான் கொல்லும், முட்டையை அல்ல. அதனால்தான் 2 வாரம் கழித்து இன்னொரு தடவை, அதுவும் வீட்டில் எல்லோருக்கும் ஒரே நாளில். கர்ப்பிணியும் கைக்குழந்தையும் மட்டும் டாக்டரைக் கேட்டுவிட்டு. உலக சுகாதார நிறுவனத்தின் குடற்புழுத் திட்டம் உருண்டைப்புழு, சாட்டைப்புழு, கொக்கிப்புழு மூன்றையும் குறி வைக்கிறது. ஆளைக் கொல்லாத கீரிப்பூச்சிக்கு ஆராய்ச்சிக் காசு யார் தருவார்? ராத்திரி விழித்துக் கிடக்கும் அம்மாக்களிடம் கேட்டிருந்தால் பட்டியல் மாறியிருக்கும்.

சந்தேகம் இருந்தால், விடிந்ததும், கழுவும் முன், ஒட்டும் டேப்பின் பசைப்பக்கத்தை ஆசனவாயைச் சுற்றியுள்ள தோலில் அழுத்தி எடுத்து, கண்ணாடித் துண்டில் ஒட்டி லேபில் கொடுங்கள். மூன்று நாள் காலையும் எடுத்தால் நல்லது. ஒரு நாள் தப்பினாலும் இன்னொரு நாள் மாட்டும்.