கலோத்சவ முடிவை எதிர்த்து வழக்கா? முதல் ஒரு மணி நேரத்தைக் கோட்டை விடாதீர்கள்

டிசம்பர் பிறந்துவிட்டால் எங்கள் அலுவலகத்தில் நடன உடைப் படங்களும் செல்போன் வீடியோக்களும்தான். கேரளத்தில் பள்ளி மாணவர்களின் கலைப்போட்டி விழாவான கலோத்சவம் மாவட்ட அளவில் முடிந்த கையோடு பெற்றோர் வரத் தொடங்கிவிடுவார்கள். எர்ணாகுளத்தில் வழக்கு நடத்துகிறேன். பாலக்காடு, இடுக்கிப் பக்கத்துத் தமிழ்க் குடும்பங்கள் மொழி வசதிக்காக என்னிடம் வருவதுண்டு.

சென்ற வாரம் ஒரு தந்தை, மகளோடு வந்தார். பரதநாட்டியத்தில் அவளுக்கு இரண்டாம் இடம், மாநில விழாவுக்குப் போகும் வாய்ப்பு போய்விட்டது. ஆடும்போது பாட்டு நின்றுபோய், சற்றுக் கழித்துத்தான் மறுபடி ஒலித்ததாம்.

"அப்போதே மேடைப் பொறுப்பாளரிடம் எழுதிக் கொடுத்தீர்களா?"

"ரிசல்ட் வரட்டும்னு இருந்துட்டோம் சார்."

விழாவின் மேல்முறையீட்டுக் குழுவிடமும் போகவில்லை. நேராக ஹைகோர்ட்டுக்குப் போனால் போதும் என்று யாரோ சொல்லியிருக்கிறார்கள். இந்த ஒரு மாதத்தில் மட்டும் எத்தனை பேர் இதையே சொல்லிவிட்டார்கள்!

"ஜட்ஜ் வீடியோவை ஒருதரம் பார்த்தாலே தெரிஞ்சிடும் சார்" என்பதுதான் எல்லோருடைய நம்பிக்கையும். தயவுசெய்து இதை விட்டுவிடுங்கள். அடவு சுத்தமா, அபிநயத்துக்கு எட்டா ஒன்பதா என்று நீதிபதி தீர்மானிக்க மாட்டார். அரசியலமைப்பின் 226ஆவது பிரிவின் கீழ் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு (அரசு அமைப்பின் முடிவை எதிர்க்கும் மனு) போட்டால், முடிவு எடுத்த முறையில் பிழை இருந்ததா என்பதே கேள்வி. முடிவு சரியா என்பதல்ல. நடுவரின் மதிப்பெண்ணைத் திருத்தும் இடம் நீதிமன்றம் அல்ல. உங்கள் குரு "அநியாயம்" என்று சொன்னது சான்றாகாது. பார்வையாளர்கள் கைதட்டியதும் ஆகாது. ஒரே ஒரு மதிப்பெண்தான் வித்தியாசம் என்பதும் முறைகேட்டைக் காட்டாது. 2025 மாநில விழாவில் திருச்சூர் மாவட்டத்துக்கு 1008 புள்ளி, பாலக்காட்டுக்கு 1007. அந்த ஒரு புள்ளியில்தான் திருச்சூருக்குத் தங்கக் கோப்பையே கிடைத்தது.

எடுபடக்கூடியவை வேறு. போட்டியிட்ட பிள்ளைக்குக் கற்றுக்கொடுத்தவரே நடுவராக அமர்ந்தது, மேல்முறையீட்டுக் குழு மேடை அறிக்கையைப் பார்க்காமலே மனுவைத் தள்ளியது, காரணமே சொல்லாத உத்தரவு. இவற்றுக்கும் காகிதம் வேண்டும்.

மாநில மேடை ஏறினால் பொதுத்தேர்வில் கூடுதலாகச் சேரும் கிரேஸ் மார்க் கிடைக்கலாம் என்ற பதைப்பு எனக்கும் புரிகிறது. அதற்காகத்தான் சொல்கிறேன். மைக், பாட்டு, மேடை எதில் கோளாறு வந்தாலும் முடிவு வருமுன்பே எழுதிக் கொடுங்கள், பெற்றுக்கொண்டதற்குக் கையெழுத்து வாங்குங்கள். முடிவு அறிவித்த ஒரு மணி நேரத்துக்குள் கட்டணத்தோடு மேல்முறையீடு போங்கள். அழுது முடித்து, சாப்பிட்டு, மறுநாள் காலையில் யோசிப்பதற்கு விதியில் இடமில்லை. குழு தள்ளிவிட்டால் உத்தரவின் நகலோடு அன்றே வழக்கறிஞரைப் பாருங்கள். கிறிஸ்துமஸ் விடுமுறை வந்துவிடும், ஜனவரியில் மாநில விழா.

"உத்தரவு வாங்கித் தருகிறேன்" என்று பணம் கேட்கும் இடைத்தரகர்களை அண்டவே விடாதீர்கள். 2018 திருச்சூர் விழாவில் குழந்தைகள் உரிமை ஆணையத்தின் பெயரில், போட்டியில் சேர்க்கச் சொல்லும் போலி உத்தரவுகள் பிடிபட்டு, கைது வரை போனது. நடுவர் காசு வாங்கினார் என்று ஆதாரமில்லாமல் மனுவில் எழுதச் சொல்லி என்னைக் கட்டாயப்படுத்தாதீர்கள், எழுத மாட்டேன்.

இன்னொன்றையும் யாரும் நினைத்துப் பார்ப்பதில்லை. மனு குழந்தையின் பெயரில் போகிறது. தீர்ப்பு இணையத்தில் ஏறிவிட்டால், பத்து வருடம் கழித்து அவள் பெயரைத் தேடுபவருக்கும் அந்தத் தோல்விதான் முதலில் கண்ணில் படும். தோல்வியை ஏற்கப் பிள்ளைகளைப் பழக்குங்கள் என்று 2022இல் கேரள உயர் நீதிமன்றமே பெற்றோருக்குச் சொன்னது.

வக்காலத்தில் கையெழுத்திடுமுன் பிள்ளையிடம் ஒரு வார்த்தை கேளுங்கள். அன்று நான் கேட்டேன். அவள் அப்பாவின் முகத்தைப் பார்த்துவிட்டு, "திங்கட்கிழமை கணக்குப் பரீட்சை இருக்கு அங்கிள், வீட்டுக்குப் போகலாமா?" என்றாள்.