பாசி என்று அள்ளி வராதீர்கள்: அசோலா வேறு, சல்வீனியா வேறு

மறுபடியும் அதே கதை. இந்த முறை முல்லைத்தீவுப் பக்கம், ஒரு சிறிய குளத்தை அண்டிய கிராமம். அசோலா மாட்டுக்கு நல்ல தீவனம், பால் கூடும் என்று கேள்விப்பட்ட ஒரு கமக்காரர், குளத்தில் மிதந்த பச்சையை உரப்பையில் அள்ளி வந்து, வளவில் குழி வெட்டித் தறப்பாள் விரித்து வளர்த்திருக்கிறார். குழி நிறைந்தது. மாடுகளோ முகர்ந்து பார்த்துவிட்டு விலகிக்கொண்டன. சரிவராத தீவனம் என்று முடிவெடுத்தவர், குழியில் இருந்த அத்தனையையும் வாரிப் பக்கத்து வாய்க்காலில் கொட்டிவிட்டார். அந்த வாய்க்கால் கீழேயுள்ள இன்னொரு குளத்துக்குப் போகிறது.

அவர் வளர்த்தது அசோலா அல்ல, குளங்களை மூடும் களையான சல்வீனியா. சொன்னபோது அவர் கேட்ட கேள்வியை, கமக்காரருக்கு ஆலோசனை சொல்லும் இந்த வேலையில் இருக்கும் எல்லோரும் கேட்டிருப்போம்: “எல்லாம் பாசிதானே, ஐயா?”

இல்லை. எல்லாம் பாசி அல்ல. பாசி என்பது வேர், தண்டு, இலை என்று பிரித்துச் சொல்ல முடியாத எளிய உயிர். படிக்கட்டில் வழுக்குவது பாசி, தேங்கிய நீரைப் பச்சையாக்குவது பாசி. அசோலாவும் சல்வீனியாவும் பன்னங்கள், அதாவது பெரணிகள். நம் பாடப்புத்தகங்களில் வரும் சொல்தான் இது. பன்னத்துக்குத் தண்டு உண்டு, இலை உண்டு. பூவும் விதையும் கிடையாது. ஆகவே, “பறவை எச்சத்தில் விதை வந்து விழுந்திருக்கும்” என்ற விளக்கமும் சல்வீனியாவுக்குப் பொருந்தாது. மற்றப் பன்னங்களுக்காவது விதைக்குப் பதிலாக வித்திகள் என்ற நுண்துகள்கள் உண்டு. இங்கே குளங்களை மூடும் சல்வீனியா ஐந்து தொகுதி நிறமூர்த்தங்கள் கொண்ட மலட்டுச் செடி. அதன் வித்திப் பைகளில் முளைக்கக்கூடிய வித்திகள் இருப்பதில்லை. அது பெருகும் ஒரே வழி, துண்டாக உடைந்து ஒவ்வொரு துண்டும் தனிச் செடியாவதுதான். ஒரு குளத்தில் அது இருக்கிறது என்றால், உயிருள்ள ஒரு துண்டு அங்கே வந்து சேர்ந்திருக்கிறது. வலையில் ஒட்டி வந்திருக்கலாம், வெள்ளத்தில் மிதந்து வந்திருக்கலாம், மாட்டின் முதுகில் வந்திருக்கலாம். பல வேளைகளில் உரப்பையில் வந்திருக்கிறது.

பெயர்களுக்கு வருகிறேன். தாவரவியல் பெயர் என்றாலே அது பரீட்சைக்கு மனனம் செய்யும் சங்கதி என்ற எண்ணம் நம்மிடம் ஊறிப்போயிருக்கிறது. அந்த எண்ணத்துக்கு நாம் குளங்களை விலையாகக் கொடுத்துக்கொண்டிருக்கிறோம்.

அசோலா என்ற பெயரை 1783இல் பிரெஞ்சு அறிஞர் லமார்க் வைத்தார். உலர்தல், கொல்லுதல் என்ற பொருள் தரும் இரண்டு கிரேக்கச் சொற்களின் சேர்க்கை அது. உலர்ந்தால் செத்துப்போகும் செடி. ஆவணி, புரட்டாதியில் குழி வற்றி அசோலா அழிந்துவிட்டது என்று முறையிடும் பண்ணையாளர்களுக்கு விடை அந்தப் பெயரிலேயே இருக்கிறது. நிழலும் நீரும் குறையாமல் பார்த்துக்கொள்ளுங்கள். நம் பக்கத்தில் தீவனத்துக்கு வளர்ப்பது பெரும்பாலும் அசோலா பின்னேட்டா. அதன் இலைக்குள் வாழும் நீலப்பச்சைப் பற்றீரியா காற்றிலுள்ள நைதரசனைப் பிடித்துக் கொடுக்கிறது. வயலுக்குப் பசளையாகவும் மாட்டுக்குப் புரதமாகவும் பயன்படுவது அதனால்தான். உலர்நிறையில் ஏறத்தாழ கால் பங்கு வரை புரதம் என்று சொல்வார்கள், உண்மை. ஆனால் பச்சை அசோலாவில் நூற்றுக்குத் தொண்ணூறுக்கு மேல் தண்ணீர். தவிட்டையும் புண்ணாக்கையும் அடியோடு நிறுத்திவிட்டு ஒரு கூடை அசோலாவில் மாட்டை ஓட்டலாம் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள்.

சல்வீனியா என்ற பெயர், இத்தாலியின் புளோரன்ஸ் நகரில் கிரேக்க மொழி கற்பித்த அந்தோனியோ மரியா சல்வீனியின் நினைவாக வைக்கப்பட்டது. இப்பேரினத்தில் பல இனங்கள் உண்டு. நம் குளங்களில் இருப்பதன் முழுப்பெயர் சல்வீனியா மொலெஸ்டா. மொலெஸ்டா என்றால் இலத்தீனில் தொல்லை தருவது. இந்த இரண்டாவது சொல்லைத்தான் எல்லோரும் விட்டுவிடுகிறார்கள். உலகம் பல ஆண்டுகளை இழந்ததும் அந்தச் சொல்லில்தான்.

1939இல் தாவரவியல் கற்பித்தல் தேவைக்காகக் கொழும்புக்குக் கொண்டுவரப்பட்ட செடி இது. அன்று அதற்கு இடப்பட்டிருந்த பெயர் சல்வீனியா ஒரிக்குலாட்டா. ஒரிக்குலாட்டா தென்னமெரிக்காவைச் சேர்ந்த வேறோர் இனம். செடி தப்பி வெளியே போய், 1950களுக்குள் தென்னிலங்கையின் வயல்களையும் கால்வாய்களையும் மூடிவிட்டது. ஆபிரிக்காவில் சாம்பெசி ஆற்றை மறித்துக் கரீபா அணை கட்டப்பட்டதும், 1959இலேயே அந்த நீர்த்தேக்கத்தில் இதே செடி தலைகாட்டியது. அங்கேயும் அதே தவறான பெயர்தான் வழங்கியது.

பெயர் தவறினால் என்ன ஆகும் என்று கேட்பவர்கள் இதைக் கவனமாகப் படியுங்கள். ஒரு களையை அதன் இயற்கை எதிரியைக் கொண்டு அடக்க வேண்டுமானால், அந்தக் களையின் சொந்த ஊருக்குப் போய் எதிரியைத் தேட வேண்டும். 1960களில் பூச்சி தேடிப் போனவர்கள் ஒரிக்குலாட்டா வளரும் இடங்களுக்குப் போனார்கள். அங்கிருந்து ஒரு வண்டையும் ஒரு வெட்டுக்கிளியையும் வேறு சில பூச்சிகளையும் கொண்டுவந்து பல நாடுகளில் விட்டார்கள். களை அடங்கவில்லை. 1972இல் மிட்செல் என்ற தாவரவியலாளர் இது தனி இனம் என்று காட்டி மொலெஸ்டா என்ற பெயரைச் சூட்டினார். அதன் பிறகுதான் தேடல் சரியான திசைக்குத் திரும்பியது. 1978இல் தென்கிழக்குப் பிரேசிலில் அதன் சொந்த ஊர் கண்டுபிடிக்கப்பட்டது. அங்கே அதைத் தின்னும் ஒரு சிறிய கறுப்பு வண்டு இருந்தது. நீளம் இரண்டு மில்லிமீற்றர் அளவுதான். 1980இல் அதை அவுஸ்திரேலியாவின் மூண்டாரா ஏரியில் விட்டார்கள். அடுத்த ஆண்டிலேயே ஏரி களை நீங்கித் தெளிந்தது.

அந்த வண்டையும் முதலில் 1960களில் விட்ட பழைய வண்டென்றே நினைத்திருந்தார்கள். 1985இல் அதுவும் தனி இனம் என்று அறிந்து, சிற்றோபாகஸ் சல்வீனியே என்று பெயரிட்டார்கள். 1986இல் அது இலங்கைக்கு வந்தது. முதிர்ந்த வண்டு மொட்டைத் தின்கிறது, புழு தண்டைக் குடைகிறது, விரிப்பு பழுப்பாகி மூழ்குகிறது. உயிரியல் கட்டுப்பாட்டின் வரலாற்றில் இதைப்போன்ற வெற்றிகள் மிகக் குறைவு. பெயர் சரியாக இருந்திருந்தால் அது இன்னும் முன்பே கிடைத்திருக்கும்.

இப்போது நம் நிலைமையைப் பாருங்கள். குளம் துப்புரவாக்கும் வேலைகளுக்கான மதிப்பீடுகளில் “நீர்த்தாவரம் அகற்றல்” என்றோ “பாசி அகற்றல்” என்றோதான் எழுதுகிறோம். எந்தத் தாவரம்? ஆகாயத்தாமரையா, சல்வீனியாவா, தாமரையா? மூன்றுக்கும் செய்ய வேண்டியது வேறு வேறு. ஆகாயத்தாமரை பூப்பது, விதை விடுவது. விதை சேற்றில் ஆண்டுக்கணக்கில் கிடக்கும் என்பதால் அகற்றிய பிறகும் வந்து பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும். சல்வீனியாவுக்கு அந்த விதைப் பயம் இல்லை, துண்டுப் பயம்தான். பெக்கோ இயந்திரத்தால் வாரிக் குளக்கட்டின் உட்புறச் சரிவிலேயே குவித்துவிட்டுப் போனால், காலபோக மழையின் முதல் பெருக்கில் அது திரும்பத் தண்ணீருக்குள் இறங்கும். காசு போனதுதான் மிச்சம். தாமரையை ஏன் அள்ளுகிறார்கள் என்று எனக்கு இன்றுவரை விளங்கவில்லை. சக அலுவலர்களிடம் ஒரு வேண்டுகோள்: கோப்பில் இரண்டு சொற்களையும் எழுதுங்கள். பேரினம், இனம். ஐந்து ஆண்டு கழித்து அந்தக் கோப்பைத் திறப்பவருக்கு அது உதவும்.

அடையாளம் காண்பது கடினமல்ல. செடியை எடுத்து உள்ளங்கையில் கவிழ்த்துப் பாருங்கள். மேலிருந்து பார்த்து முடிவுசெய்யக் கூடாது, கைபேசியில் மேலிருந்து படமெடுத்து அனுப்பிவிட்டு “இது என்ன?” என்று கேட்கவும் கூடாது. அசோலாவின் இலைகள் மிகச் சிறியவை, ஒன்றின்மேல் ஒன்று அடுக்கியவை. முழுச் செடியே பெருவிரல் நகத்தளவு. அடியில் வேர்கள் தனித்தனியாக, கிளைக்காமல் தொங்கும். கடும் வெயிலில் சிவக்கும். சல்வீனியாவில் கணுவுக்கு மூன்று இலைகள். இரண்டு மிதக்கும், மூன்றாவது நீருக்குள் பழுப்பு நாராகப் பிரிந்து வேர் போலத் தோன்றும். அது வேர் அல்ல, இலை. இந்தச் செடிக்கு வேரே கிடையாது. மிதக்கும் இலையின் மேற்பரப்பில் நுண்மயிர்கள் நிற்கும். மொலெஸ்டாவில் அந்த மயிரின் நான்கு கிளைகளும் நுனியில் மீண்டும் ஒன்றுசேர்ந்து, முட்டை அடிக்கும் கம்பியைப் போலிருக்கும். ஒரு கைவில்லை போதும், தெரிந்துவிடும்.

பலர் ஏமாறும் இடம் ஒன்றுண்டு. புதிதாக வந்து இடம் பிடிக்கும் சல்வீனியாவின் இலை சிறியது, தட்டையானது, தண்ணீரோடு ஒட்டிக் கிடக்கும். நெருக்கம் கூடக்கூட இலை பெரிதாகி, நடுவில் மடிந்து, நிமிர்ந்து நிற்கும். இரண்டும் ஒரே செடி. சிறிய நிலையில் அதை அசோலா என்று எண்ணி வீட்டுக்குக் கொண்டுபோகிறார்கள். நல்ல சூழலில் இரண்டு மூன்று நாளில் இரட்டிப்பாகும் செடி அது. தீவனமாகவும் அது உதவாது. செரிக்கக் கடினமானது, மாடு தானாக விரும்பித் தின்னாது. விரிப்பின் கீழே ஒளியும் ஒட்சிசனும் குறைந்து மீன் போகும், துருசும் (மதகும்) வாய்க்காலும் அடைபடும். யானைக்கால் நோய்க் கிருமியைக் கடத்தும் மன்சோனியா நுளம்பின் குடம்பிகளும் இத்தகைய மிதக்கும் செடிகளைப் பற்றிக்கொண்டே வளர்கின்றன.

பன்னம் கெட்டது என்று சொன்னவுடன் இன்னொரு முனைக்கு ஓடுபவர்களும் உண்டு. “அப்படியானால் ஆரைக்கீரையும் பன்னம்தானே, பிடுங்கி எறியவா?” என்று கேட்கிறார்கள். வேண்டாம். வயல் வரம்பிலும் குளத்தின் ஈரக்கரையிலும் நாலிலை விரிக்கும் ஆரை, மார்சிலியா என்ற பேரினம். பொலோஞாவைச் சேர்ந்த மார்சிலி என்ற இயற்கையறிஞரின் பெயர் அது. 1753இல் லின்னேயஸ் அக்காலத்தில் அறியப்பட்ட ஒரு சல்வீனியாவையும் மார்சிலியா நேட்டன்ஸ் என்றே எழுதிவைத்திருந்தார். உறவு அவ்வளவு நெருக்கம்தான், ஆனாலும் குணம் வேறு. ஆரை சேற்றில் வேர் ஊன்றி நிற்பது, குளத்தை மூடாது. கீரையாகச் சமைத்து உண்ணுங்கள். பச்சையாக வேண்டாம், மாட்டுக்கும் ஆட்டுக்கும் அதையே முழுத்தீவனமாகக் கொடுக்கவும் வேண்டாம். மார்சிலியாவில் உயிர்ச்சத்து பி1ஐ அழிக்கும் நொதியம் உண்டு. அவுஸ்திரேலியாவில் அதன் உறவினத்தை மேய்ந்த செம்மறிகள் நோயுற்றதுண்டு. மூன்று இலையோடு புளிக்கும் புளியாரை பன்னமே அல்ல, அது பூக்கும் செடி.

இனிச் செய்ய வேண்டியவை. அசோலா வேண்டுமென்றால் குளத்தில் தேடாதீர்கள். கமநல சேவை நிலையத்திலோ கால்நடை வைத்திய அலுவலகத்திலோ கேட்டு, யாரிடம் வாங்கலாம் என்று தெரிந்துகொள்ளுங்கள். வாங்கியதையும் கவிழ்த்துப் பார்த்த பிறகே குழியில் விடுங்கள். அசல் அசோலா என்றாலும் குழியை விட்டு வெளியே போகக் கூடாது, அதுவும் விரைவாகப் பரவும் செடிதான். வேண்டாத செடியை வாய்க்காலில் கொட்டாதீர்கள். மேட்டு நிலத்தில், மழைநீர் ஓடாத இடத்தில் பரப்பி, கையில் நொறுங்கும் வரை காயவிட்டு, கூட்டெருவில் சேருங்கள். மேலே காய்ந்தாலும் அடியில் ஈரம் இருந்தால் மொட்டு பிழைத்துக்கொள்ளும், ஆகவே புரட்டிப் போடுங்கள். நன்னீர் மீன்பிடிக்கும் தம்பிமாரே, ஒரு குளத்திலிருந்து இன்னொரு குளத்துக்குப் போகும்போது வலையை உதறி வெயிலில் உலர்த்திய பிறகு கொண்டுபோங்கள். தோணியின் அடியையும் பாருங்கள்.

வன்னியில் குளங்கள் ஒன்றன்கீழ் ஒன்றாகத் தொடுக்கப்பட்டவை. 2018 டிசம்பர் வெள்ளத்தில் இரணைமடுக் குளத்தின் வான்கதவுகள் திறந்தபோது தண்ணீர் எங்கெல்லாம் போனது என்று கிளிநொச்சிக்காரருக்குச் சொல்ல வேண்டியதில்லை. மேல்குளத்தில் விட்டது கீழ்க்குளத்துக்கு வந்தே தீரும். கடல்நீரேரியின் உப்பை எட்டினால்தான் அது சாகும். அதுவரை வழியிலுள்ள வயல்களின் கதி என்ன?

குளத்தில் சல்வீனியா விரிப்பு பழுப்பாகி வருவதைக் கண்டால் அவசரப்பட்டு எதையும் தெளிக்காதீர்கள். வண்டு வேலை செய்துகொண்டிருக்கலாம். பூச்சிநாசினி அந்த வண்டைக் கொல்லும், களை தழைக்கும். பழுப்புச் செடியில் கொஞ்சத்தைத் தண்ணீர் வடித்து, பொலித்தீன் பையில் இறுகக் கட்டி, குளத்தின் பெயரையும் எடுத்த நாளையும் எழுதி, உங்கள் விவசாயப் போதனாசிரியரிடம் கொண்டுவந்து கொடுங்கள். வண்டு இருக்கிறதா என்று பார்த்துச் சொல்வோம். இருந்தால் அந்தப் பையைப் பத்திரமாக வைத்துக்கொள்வோம், வேறு குளங்களுக்கு அது தேவைப்படும்.