கேம் ஹேக் தருபவர்கள் ஆன்டிவைரஸை ஏன் அணைக்கச் சொல்கிறார்கள்?

ஆன்லைன் துப்பாக்கி விளையாட்டுகளில் சுவருக்குப் பின்னால் ஒளிந்திருக்கும் எதிரியைக் காட்டும் ‘வால்ஹேக்’ என்ற ஏமாற்று நிரல் பெரிய மாயம் எதுவும் செய்வதில்லை. அவன் எங்கே நிற்கிறான் என்பதைப் பெரும்பாலும் விளையாட்டின் சர்வரே உங்கள் கணினிக்கு அனுப்பிவிடுகிறது. அவன் எட்டிப் பார்த்த நொடியில் திரையில் வரைய வேண்டுமே! அந்த எண்கள் கணினியின் நினைவகமான ரேமில் கிடக்கின்றன. ஹேக் அங்கே போய்ப் படித்துக்கொள்கிறது, அவ்வளவுதான்.

ஆனால் ஒரு நிரல் இன்னொன்றின் நினைவகத்துக்குள் கை விடுவதும், அதற்குள் தன் நிரல்வரிகளைச் செருகுவதும் திருட்டு நிரல்களின் வேலை. அதனால் சொன்னதை மட்டும் செய்யும் ஹேக்கைப் பார்த்தும் ஆன்டிவைரஸ் கத்தும். “அது சும்மா கத்துது, அணைத்துவிட்டு அட்மினாக ஓட்டுங்கள்” என்று ஓசி ஹேக் தருபவர் எழுதிவைப்பதில் பாதி உண்மை இருக்கிறது. அந்தப் பாதி உண்மைக்குள்தான் திருடனும் ஒளிந்துகொள்கிறான். கள்ளச்சாவி வாங்கப் போனவர் காவல்நாயை அவரே கட்டிப்போட்டுவிட்டு வருகிறார்.

2018இல் ஃபோர்ட்நைட் விளையாட்டை ஆடுபவர்களுக்குத் தானே குறிபார்த்துச் சுடும் ‘எய்ம்பாட்’டும், அந்த விளையாட்டின் பணமான வி-பக்ஸை இலவசமாகவும் தருவதாக ஒரு மென்பொருள் சுற்றியது. அது விண்டோஸில் ஒரு ரூட் சான்றிதழை (எந்தத் தளத்தை நம்பலாம் என்று கணினி பார்த்துக்கொள்ளும் அடையாளச் சீட்டை) நிறுவி, இணையப் போக்குவரத்து முழுவதையும் தன் வழியாகத் திருப்பியது. பிரவுசரில் பூட்டுச் சின்னம் அப்படியே இருக்கும். நடுவில் ஒருவர் படித்துக்கொண்டிருப்பார். ரெயின்வே என்ற கேம் ஸ்ட்ரீமிங் நிறுவனத்தின் சர்வர்களில் திடீரென்று பிழைச் செய்திகள் குவிந்தபோது, இது பக்கங்களில் விளம்பரங்களைச் செருகுவது தெரியவந்தது. அதற்குள் 78,000 முறை தரவிறக்கப்பட்டிருந்தது. விளம்பரத்தோடு நின்றது அதிர்ஷ்டம் என்றுதான் சொல்வேன்.

2020இல் விற்பனைக்கு வந்த, கடவுச்சொற்களைத் திருடும் நிரலான ரெட்லைன் அப்படி நிற்பதில்லை. பிரவுசரில் சேமித்த கடவுச்சொற்கள் குறியாக்கப்பட்டுத்தான் இருக்கும். ஆனால் ரெட்லைன் வந்த காலத்தில் பல பிரவுசர்களில் திறக்கும் சாவி விண்டோஸ் வசம் இருந்தது; உங்கள் பெயரில் ஓடும் நிரல் கேட்டால், நீங்களே கேட்பதாக நினைத்து அது கொடுத்துவிடும். அப்புறம் குக்கீ. ஒருமுறை உள்நுழைந்த தளம் மறுபடி ஓடிபி கேட்காமல் இருக்கக் காரணம் அதுதான். திருடன் அதைத் தன் கணினியில் வைத்துக்கொண்டால் அவனிடமும் பெரும்பாலும் கேட்காது. 2022இல் ஆன்டிவைரஸ் நிறுவனமான காஸ்பர்ஸ்கி கண்டெடுத்த ஒரு நிரல் தொகுப்பு, ரெட்லைனை இறக்கியதோடு, சிக்கியவரின் யூடியூப் சேனலிலேயே ‘இலவச ஹேக்’ வீடியோவையும் ஏற்றிவிட்டது. சேனல் நண்பனுடையது என்றால் யாருக்குச் சந்தேகம் வரும்?

2024 அக்டோபரில் நெதர்லாந்து போலீஸ் பல நாடுகளோடு சேர்ந்து ரெட்லைனின் சர்வர்களைக் கைப்பற்றியது. இதே வேலையைச் செய்யும் வேறு நிரல்களுக்குப் பஞ்சமில்லை.

சரி, ஏற்கெனவே ஓட்டிப் பார்த்துவிட்டீர்களா? அதே கணினியில் உட்கார்ந்து கடவுச்சொல்லை மாற்றாதீர்கள், புதியதும் போய்விடும். முதலில் அதன் இணையத்தைத் துண்டியுங்கள். வேறொரு கருவியிலிருந்து, மின்னஞ்சலில் தொடங்கி, எல்லாக் கணக்குகளிலும் ‘அனைத்துக் கருவிகளிலிருந்தும் வெளியேறு’ என்பதை அழுத்திவிட்டுக் கடவுச்சொற்களை மாற்றுங்கள். அப்புறம் விண்டோஸைப் புதிதாக நிறுவுங்கள்.